கதவுக்குப் பின்னால் பேய்

பேய் முகமூடியை மாட்டிக்கொண்டு கதவுக்குப் பின்னால் பதுங்கினான் கணவன். வாசல் பூந்தொட்டிக்குள் அவனுடைய கேமரா ஓடிக்கொண்டிருந்தது.

"பாவங்க டெலிவரிக்காரங்க. பயந்துபோய் படியில உருண்டுட்டா?" என்றாள் மனைவி.

"ஒண்ணும் ஆகாது. போன வீடியோவுக்கு ஜனங்க விழுந்து விழுந்து சிரிச்சாங்க, தெரியுமா?"

வழக்கம்போல வழி கேட்டு அவளுக்குப் போன் வந்தது. பால்கனிக்குப் போய்ச் சொல்லிவிட்டு வந்தாள்.

அழைப்புமணி அடித்ததும் கணவன் பாய்ந்தான்.

"ஐயோ, அம்மா!" டெலிவரிக்காரர் வீடே அதிர அலறிச் சுவரோடு ஒட்டிக்கொண்டார். கணவன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தபடி உள்ளே ஓட, மனைவி பார்சலை வாங்கப் போனாள்.

சாயங்காலம் வீடியோவை எடிட் செய்ய உட்கார்ந்தபோதுதான், கேமராவை அணைக்க மறந்தது அவனுக்குத் தெரிந்தது. அவன் உள்ளே போன பிறகும் அது எல்லாவற்றையும் பிடித்திருந்தது.

"கத்தினது போதுமாக்கா?" என்றார் டெலிவரிக்காரர்.

"நேத்து வந்தவரை விடப் பிரமாதம் தம்பி! வழி கேட்டுப் போன் பண்ற எல்லார்கிட்டயும் முன்னாடியே சொல்லி வச்சிடறேன். இவருக்கும் ஒரு சந்தோஷம்."

"இருந்தாலும் மனசு கேக்கலக்கா. அண்ணன் அவ்ளோ வெள்ளந்தியா சிரிக்கிறார். ஒரு மனுஷனைப் போய் இப்படி ஏமாத்தலாமா?"