முகம் தெரியாது

"மொகம் தெரியாதுன்னு சத்தியமா சொல்லும்மா கோதா! இன்னிக்கிப் போயி மானம் கப்பலேறிடப் போவுது!"

"தெரியவே தெரியாதுக்கா. முகத்தை மறைச்சுட்டேன், குரலையும் மாத்திட்டேன். உங்க வீட்டுக்காரராலகூடக் கண்டுபிடிக்க முடியாது!"

கோதாவுக்கு ஓரிடத்தில் உட்கார முடியவில்லை. குடியிலிருந்து மீண்டவர்களையும் அவர்கள் மனைவிமாரையும் தேடி, காஞ்சிபுரத்தைச் சுற்றி ஒரு வருடமாக அலைந்து எடுத்த டாக்குமெண்டரி. அவளுடைய முதல் படம். இன்னும் சற்று நேரத்தில் டிவியில்! படத்தில் பேசிய ஏலவார்குழலியோடு சேர்ந்து பார்க்கத்தான் செவிலிமேட்டுக்கு ஓடி வந்திருந்தாள்.

குழலியின் பயம் வேறு. கணவர் சிட்டிபாபு குடியை விட்டு மூன்று வருடமாகிறது. ஆனாலும் குடிகாரன் வீடு என்று மகளுக்கு வந்த சம்பந்தமெல்லாம் தட்டிப்போனது. இன்று மாலை ஐயம்பேட்டையிலிருந்து பெண் பார்க்க வருகிறார்கள்.

"அவங்க ராகுகாலம் கழிச்சுதானே வராங்க? அதுக்குள்ள படம் முடிஞ்சுடும்க்கா" என்று கோதா கேசரியை வாயில் போட்டாள்.

வாசலில் ஆட்டோ வந்து நின்றது.

"ராகுகாலத்துக்கு முன்னாடியே வந்துடலாம்னு..." என்றபடி மகன் வீரபாகுவுடன் நுழைந்த தனகோட்டியம்மாள், கோதாவைக் கண்டதும் நிலைப்படியிலேயே நின்றாள். கோதாவுக்குக் கேசரி புரையேறியது.

"தெரிஞ்ச பொண்ணுதான். டிவிக்குப் படம் எடுக்குது" என்று குழலி சமாளித்தாள்.

"இதோ, இப்பத்தான் வரப்போவுது!" சிட்டிபாபு உற்சாகத்தில் உளறிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டார்.

"போடுங்க மாமா, பாக்கலாம்!" என்றான் வீரபாகு.

"பொண்ணு பாக்க வந்துட்டு டிவி எதுக்குப்பா?" என்று தனகோட்டி அவசரமாகத் தடுத்தாள்.

"அதானே!" என்று குழலியும் ஒத்து ஊதினாள்.

"நம்ம ஊரைக் காட்டுவாங்கம்மா!" அதற்குள் அவன் டிவியைப் போட்டுவிட்டான்.

திரையில் முகம் கலங்கலாக ஒரு பெண் வந்தாள். குழலி கண்களை இறுக மூடிக்கொண்டாள்; பயத்தில் பேச்சு எதுவும் காதில் ஏறவில்லை.

"குடிச்சுட்டு வந்தாருன்னா தறிக்குழியிலயே வுழுந்து கெடப்பாரு. இப்ப அவரே காபி போட்டு என்னை எழுப்புறாரு. கல்யாணம் ஆனதுலருந்து இவ்ளோ சந்தோஷமா நான் இருந்ததே இல்ல!" என்றது ஒரு கட்டைக்குரல்.

வீரபாகு டிவிக்குக் கிட்டே போனான். "இந்தப் பொடவை எனக்குத் தெரியுமே..."

கோதா தலையில் கைவைத்தாள். முகத்தையும் குரலையும் மறைத்தவள், நெசவாளர் ஊரில் புடவையை மறைக்க மறந்திருந்தாள்!

எல்லாம் போயிற்று என்று குழலிக்கு அழுகை முட்டியது. "தம்பி, அது வந்து..."

"யம்மா!" வீரபாகு தன் தாயைத் திரும்பிப் பார்த்தான். "இது போன தீபாவளிக்கு நான் உனக்கு நெய்ஞ்சு குடுத்த பொடவையாச்சே!"

முகம் கறுத்து எழுந்த தனகோட்டியின் கையை, குழலி ஓடிப்போய்ப் பிடித்துக்கொண்டாள்.

"எங்க எந்திரிக்கிறீங்க சம்பந்தி? உக்காருங்க, அடுத்தது நான்தான் வரப்போறேன்!"