கைரேகைக்கு மேலே ஒரு வரி

காலையில் ஆள்கணக்கு எடுக்கும் பெரட்டுக் களத்தில் தப்பு மேளச் சத்தம் ஓய்ந்துவிட்டது. பொகவந்தலாவைப் பனிக்குள், கம்பளி போர்த்திய பெண்கள் தேயிலைக் கொழுந்துக் கூடைகளோடு வரிசையில் நிற்கிறார்கள். மேசையில் ஊதா மைப்பெட்டி திறந்திருக்கிறது. பக்கத்தில் கொழும்புக் கம்பெனி அச்சடித்து அனுப்பிய தாள்கட்டு. தோட்டத்தில் எல்லாரும் நேர்மையாக, மரியாதையாக நடப்பதற்கான விதிகளாம். ஆளுக்கு மூன்று பக்கம். அத்தனை பேரின் கைரேகையும் இன்றைக்கே வேண்டுமாம். நேர்மைக்கும் ஒரு கெடு. விரல்கள் வருகின்றன, அமுங்குகின்றன, இடுப்பில் கட்டிய படங்குச் சாக்கில் துடைபடுகின்றன. பூரணி மட்டும் தாளைக் குனிந்து பார்க்கிறாள். தோட்டப் பள்ளியில் ஐந்தாவது வரை படித்தவள். உதடுகள் அசைகின்றன. முதல் வரியில் பாதியைத் தாண்டுவதற்குள் கணக்குப்பிள்ளை கதிரேசன் பக்கத்தைப் புரட்டிவிடுகிறார்.

"கொஞ்சம் இருங்கய்யா, வாசிச்சிட்டு வைக்கிறேன்" என்கிறாள். "மலைக்குப் போற நேரத்துல ஒனக்கு வாசிப்பு கேக்குதா?" என்கிறார் அவர். "பொம்பளைங்கள கெட்ட வார்த்தையில ஏசக்கூடாதுன்னு இதுல இருக்குதாமே, ஐயா?" "இருக்குடி மூதேவி, எல்லாம் இருக்கு! வெரல நீட்டு. இல்லாட்டி இன்னைக்கு ஒனக்கு வேலை இல்ல." பின்னால் நிற்பவள் கூடையால் இடிக்கிறாள்: "வச்சுட்டு வா புள்ள, நேரமாகுது." பூரணியின் பெருவிரல் மடங்கியே இருக்கிறது. கதிரேசன் அதைப் பிடித்து நிமிர்த்தி, மையில் ஒற்றி, கடைசிப் பக்கத்தில் வைத்து அழுத்துகிறார். விரலுக்கு மேலே இருக்கும் ஒற்றை வரியை இப்போது அவளால் முழுதாக வாசிக்க முடிகிறது: 'இவை யாவற்றையும் நானே வாசித்து, எவருடைய வற்புறுத்தலுமின்றிச் சம்மதிக்கிறேன்.'