ஆற்றங்கரை வீட்டுக்காரர்

ஒஸ்லோவில் முதலில் குடியேறிய தமிழர்களில் ஒருவர் தர்மலிங்கம். அல்னா ஆற்றங்கரையிலுள்ள அவருடைய வீட்டில் அவரைக் கௌரவிக்கும் பெயர்ப்பலகை மாட்ட, தமிழ்ச் சங்கத்திலிருந்து தக்ஷாயினி வந்திருந்தாள்.

"பிறந்த ஆண்டு போட்டிருக்கிறியள். இறந்த ஆண்டையும் போடுங்கோ, பிள்ளை" என்றார் கிழவர்.

"மாமா, நீங்கள் நூறு வயசுக்கு இருப்பியள்!"

"ஆயிரத்துத் தொளாயிரத்து எழுபத்தாறு எண்டு போடுங்கோ."

அவளுடைய சிரிப்பு நின்றது. அவர் யன்னலால் ஆற்றைப் பார்த்தார்.

"அந்த வருசம் ஐஸ் உடைஞ்சு, என்ரை கண் முன்னாலை தர்மலிங்கம் தண்ணிக்குள்ளை தாண்டுபோனான். உடம்பு கிடைக்கேல்லை. எனக்கு விசா இல்லை. அவன்ரை பாஸ்போட் வீட்டிலை கிடந்தது. அவன்ரை அம்மா சாகுமட்டும், மகன் எழுதுறமாதிரி நான்தான் கடிதம் எழுதினனான்."

"அப்ப நீங்கள் ஆர்?"

ஐம்பது வருடங்களுக்குப் பிறகு அவர் தன் பெயரைச் சொன்னார்.

"சோதிலிங்கம்."