வளையாத மூலை

சந்நிதித் தெரு டீக்கடை வாசலில் நின்ற பிரிட்டோவின் காலில் வடநாட்டு யாத்திரைக் குடும்பம் ஒன்று தொப்பென்று விழுந்தது. கையில் இரண்டு வாழைப்பழத்தைத் திணித்துவிட்டு, ஆசீர்வாதத்துக்குத் தலையைக் குனிந்து காத்திருந்தது.

நெஞ்சைத் தொடும் தாடியோடு ராமேஸ்வரத்தில் நின்றால் வேறென்ன நடக்கும்? பிரிட்டோ பெரியவரின் தலையில் கைவைத்து, "மாதா காப்பாத்துவா" என்று சொல்லிவிட்டுப் பழத்தை உரித்தபடி பக்கத்திலிருந்த தன் பிரவுசிங் சென்டருக்குள் போனான். சாமியார் கம்ப்யூட்டர் முன்னால் உட்காருவதை அந்தக் குடும்பம் வாயைப் பிளந்து பார்த்தது.

அது துறவுத் தாடியும் அல்ல, காதல் தோல்வித் தாடியும் அல்ல. வைராக்கியத் தாடி.

பிரிட்டோ லாட்ஜ்களுக்கும் சங்குக் கடைகளுக்கும் வெப்சைட் செய்து கொடுப்பவன். எல்லா முதலாளிக்கும் வெப்சைட்டில் வரும் கட்டங்களின் மூலை அழகாக வளைந்திருக்க வேண்டும். கம்ப்யூட்டரோ கூரான மூலையைத்தான் போடும். ஒவ்வொரு கட்டத்துக்கும் குட்டிக் குட்டிப் படங்களை வெட்டி நாலு மூலையிலும் ஒட்ட வேண்டும். ஒரு பிரவுசரில் ஒழுங்காக ஒட்டியது இன்னொன்றில் பிய்த்துக்கொண்டு நிற்கும்.

ஒரே வரியில் மூலையை வளைக்க ஒரு விதி இருந்தது. ஆனால் எல்லா பிரவுசருக்கும் பொதுவாக விதி வகுக்கிற உலகக் கமிட்டி அதை முடிவு செய்யாமல், பேசிப் பேசியே வருஷத்தை ஓட்டிக்கொண்டிருந்தது.

லீமாரோஸுக்கும் அவனுக்கும் நிச்சயம் ஆன வாரத்தில், மூலை பிய்ந்துவிட்டதென்று ஒரு லாட்ஜ் முதலாளி காய்ச்சி எடுத்துவிட்டார். அந்த ஆத்திரத்தில் பிரிட்டோ உறவுக்காரர்கள் முன்னால் சபதம் போட்டான். விதி வந்தால்தான் முகத்தில் சவரக்கத்தி படும்.

பெண்ணைப் பெற்ற வியாகுலம் தங்கச்சிமடத்தில் விசைப்படகு வைத்திருப்பவர். வீம்பில் மாப்பிள்ளைக்குச் சளைத்தவர் இல்லை. "தாடிய வழிச்சுட்டு வந்தாத்தான் கோயில்ல எம் மக கையப் பிடிக்கலாம். இல்லையின்னா அங்கனயே நிக்கட்டும்" என்று சொல்லிவிட்டார்.

கல்யாணம் தாடியில் தொங்கியது. தாடி கமிட்டியில் தொங்கியது. கல்யாணத்தோடு மகளின் படிப்புக்கு முழுக்குப் போட்டுவிட நினைத்திருந்த வியாகுலம், சும்மா இருப்பதற்குப் படித்துத் தொலைக்கட்டும் என்று அவளைக் காரைக்குடியில் எம்.சி.ஏ.வைத் தொடர விட்டார். இப்படியே மூன்றாவது வருஷம். இவ்வளவு பொறுமையாகக் காத்திருக்கிற பெண் உண்டா என்று ஊரே அவளுக்காக உச்சுக்கொட்டியது.

அவளிடம்தான் பிரிட்டோ போனில் புலம்புவான். விதியின் வரைவை வெளியிட்டு ஒரு கெடு வைப்பார்களாம். அதற்குள் உலகத்தில் யார் வேண்டுமானாலும் மறுப்பு எழுதலாமாம். அதற்குப் பதில் சொல்லாமல் கமிட்டி அடுத்த அடி வைக்காதாம்.

"ஒரே ஒரு ஆளு எழுதுனாக்கூட நிறுத்திருவாகளா மச்சான்?" என்று ஆரம்பத்தில் அவள் அதிசயமாகக் கேட்டாள்.

நிறுத்தத்தான் செய்தார்கள். முதல் கெடு முடிகிற நேரத்தில் ஏதோ ஒரு புனைபெயரில் மறுப்பு வந்தது. மூலை வட்டமாக வளைந்தால் மட்டும் போதுமா, படகின் முன்முனை மாதிரி ஒரு பக்கம் நீண்டு வளைய வேண்டாமா? கமிட்டி மாதக்கணக்கில் யோசித்தது.

அடுத்த கெடுவில் அதே ஆசாமி, ஒரு பக்கக் கோடு தடித்தும் மறுபக்கக் கோடு மெலிந்தும் இருந்தால் மூலையில் என்ன ஆகும் என்று கேட்டார். கமிட்டி மறுபடி தலையைச் சொறிந்தது. சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்க மாட்டான் என்பது சரியாகப் போயிற்று. கேள்விகள் நியாயமாக இருந்ததுதான் பிரிட்டோவுக்குப் பெரிய எரிச்சல்.

"எவனோ ஒரு படகுக்காரன் உள்ள புகுந்து கெடுக்குறான் லீமா" என்று பல்லைக் கடித்தான். அவள் பொறுமையாக இருக்கச் சொல்லி ஆறுதல் கூறினாள்.

நேற்றோடு மூன்றாவது கெடு முடிந்திருந்தது. வாயில் பாதி வாழைப்பழத்தோடு கமிட்டியின் பக்கத்தைத் திறந்தான் பிரிட்டோ. ஒரு மறுப்பும் வரவில்லை. விதி முடிவாகிவிட்டது.

அவன் போட்ட கூச்சலில் டீக்கடை டம்ளர்கள் அதிர்ந்தன. மேசையைச் சுற்றி அவன் குதிப்பதைப் பார்த்த வடநாட்டுக் குடும்பம், சாமியாருக்கு அருள் வந்துவிட்டதென்று மறுபடியும் வாசலில் விழுந்தது. அவர்களைத் தாண்டிக் குதித்து நேராக சலூனுக்கு ஓடினான். தாடி இறங்கியதும் முகம் உரித்த பனங்கிழங்காக இருந்தது.

அங்கிருந்து தங்கச்சிமடத்துக்குப் பைக்கை விரட்டினான். வாசலில் நின்ற வியாகுலம் அவனை அடையாளம் தெரியாமல், "ஐஸ் கம்பெனியில இருந்தா வாரீக?" என்று விசாரித்தார். விஷயம் தெரிந்ததும் கட்டிப்பிடித்துக்கொண்டார். இந்த ஞாயிற்றுக்கிழமையே கோயிலில் கல்யாண அறிவிப்பு ஓலை வாசிக்கச் சொல்கிறேன் என்று பங்குச் சாமியாருக்குப் போன் போட முற்றத்துக்குப் போனார்.

லீமாரோஸ் டீயோடு வந்தாள். பிரிட்டோவுக்குச் சந்தோஷத்தில் கால் தரையில் பாவவில்லை. வழவழ கன்னத்தைத் தடவிக்கொண்டே சொன்னான்.

"அந்தப் படகுக்காரன் இந்தத் தடவ ஏன் ஒண்ணுமே எழுதலன்னுதான் எனக்குப் புரியல."

அப்பா முற்றத்தில்தான் இருக்கிறாரா என்று எட்டிப் பார்த்துவிட்டு, அவள் டம்ளரை அவன் கையில் கொடுத்தாள்.

"எனக்குக் கடைசிப் பரீட்சை முடிஞ்சிருச்சுல்ல மச்சான்."