ஸ்பெயின் தோட்டக்காரன்

டிவியில் ஸ்பெயின் தேசத்துத் தோட்டக்காரன் ஒருவன், முதலாளி மகளைப் பார்த்துத் தம் கட்டிப் பாடிக்கொண்டிருந்தான்.

தீனதயாளன் சாப்பிட்ட கையோடு அப்படியே உட்கார்ந்துவிட்டார். மணலூர்பேட்டையில் விடிய விடியத் தெருக்கூத்து பார்த்து வளர்ந்த மனுஷன். பாஷை புரியாவிட்டால் என்ன, குரல் புரியாதா?

"இன்னா தொண்டைம்மா இவனுக்கு" என்றார் மகளிடம்.

அபிநயா, அடியில் ஓடிய ஆங்கில வரிகளைத் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தாள். காதல் ஜெயிக்கிற கதை என்று போட்டிருந்ததைப் பார்த்து அவள்தான் அந்தச் சேனலை வைத்தாள்.

காரணம் இருந்தது. அவர்கள் கொல்லையில் கூலிக்குக் கரும்பு வெட்டும் கிறிஸ்துதாஸ், சாயங்காலம் ஒரு விஷயம் பேச வருவதாக அப்பாவிடம் சொல்லியிருந்தார். என்ன விஷயம் என்று அப்பாவுக்குத் தெரியாது. கிறிஸ்துதாஸ் மகன் எட்வினுக்கும் அவளுக்கும் தெரியும்.

"ஏழையா பொறந்தது என் குத்தமான்னு கேக்குறான்ப்பா."

"கேக்க வேண்டியதுதான்."

வரிசையாக நின்ற பெண்கள் விசிறிகளை ஒரே நேரத்தில் படக்கென்று மூடினார்கள். அப்பா தொடையில் தாளம் போட்டார். என்ன அழகான ஆட்டம்! அவளே ஒரு நிமிஷம் எட்வினை மறந்துபோனாள்.

கடைசியில் முதலாளி தடியை ஓங்கிக்கொண்டு வந்தார். தோட்டக்காரன் சட்டைக்குள்ளிருந்து ஒரு மோதிரத்தை எடுத்து நீட்டினான்.

'நான் பக்கத்து ஊர்ப் பிரபுவின் மகன். மாறுவேடத்தில் வந்தேன்' என்று அடியில் ஓடியது.

அபிநயாவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. பாவி, இப்படிக் காலை வாரிவிட்டானே.

"இன்னா சொல்றான்?"

"நான் கூலிக்காரன் மவன்தான், உங்க பொண்ணு இல்லாம இருக்க மாட்டேன்றான். அவரும் சரின்ட்டாருப்பா."

அப்பா டிவியை நோக்கிக் கையை நீட்டினார்.

"மோதரத்தப் பாத்தப்புறந்தான் அந்தாளு தடிய எறக்குனான். அதப் புரிஞ்சிக்க இங்கிலீசு படிச்சிருக்கணுமா?"

அவளுக்கு முகமெல்லாம் எரிந்தது.

அவர் கை கழுவ எழுந்தார்.

"அவன் கதைய வுட நீ சொன்ன கதை நல்லாயிருக்குது. கிறிஸ்துதாசு வந்தாருன்னா உள்ள கூப்ட்டு உக்கார வையி."

கிறிஸ்துதாஸை இத்தனை வருஷமும் அவர் 'வந்தான்' என்றுதான் சொல்லியிருக்கிறார்.