அட்டையில் வராத வசனம்

ஊமைப்படத்தில் நடிகர் என்ன பேசினாலும் கவலையில்லை. வாய் அசைந்தால் போதும், வசனத்தை அட்டையில் எழுதிக் காட்டிவிடுவார்கள். அப்படியொரு சிரிப்புப் படத்தில் நடிகன் தனகோடி தன் மனைவியின் பாடையருகே மாரடித்து அழ, பிணம் அவனை உதைக்கும். பிணமாகக் கண்மூடிக் கிடந்தவள் அவனுடைய நிஜ மனைவி பூங்காவனம். அவளுக்குக் காது கேட்காது. உதட்டைப் பார்த்தே பேச்சை அறிவாள். இன்றுதான் கொட்டகையில் அவனருகே அமர்ந்து படத்தைப் பார்க்கிறாள். திரையில் தனகோடி அழுதபடியே பக்கத்திலிருந்த நடிகையிடம் சொல்கிறான்: “இவ நெசமாவே போய்ச் சேந்தா உன்னைக் கட்டிக்குவேன்டி.” அடுத்து அட்டை வருகிறது: ‘ஐயோ, என் கண்ணே!’ கொட்டகை சிரிப்பில் குலுங்குகிறது.

“எப்படிப் புள்ள இருக்கு?” என்று தனகோடி அவளிடம் வாயசைக்கிறான்.

திரையில் பிணம் உதைக்கிறது. அவனுக்கு வலிக்கக் கூடாதென்று, படம் பிடித்த அன்று மெல்லத்தான் உதைத்திருந்தாள்.