பொரி போட்ட கை

ஜீப்பிலிருந்து இறங்கியவர்களை ஜன்னலில் பார்த்ததுமே கோமளா பிளேடை எடுத்துவிட்டாள். கல்யாண ஆல்பத்தில் தம்பியின் முகத்தை மட்டும் வெட்டி, வாயில் போட்டு விழுங்கினாள். கதவு உடைந்தது.

ஆல்பத்தைப் புரட்டிய சிப்பாய் சிரித்தான். “முகத்த வெட்டிட்டா ஆச்சா? உன் கையில பொரி போடுறானே, யாரு இவன்? பொண்ணுக்குக் கூடப்பொறந்தவன்தானே பொரி போடுவான்? எங்கடி உன் துரோகித் தம்பி?”

“செத்துட்டான் ஐயா.”

“சுண்டுவிரல் கோணலா இருக்கே! இது போதும், ஆளப் புடிச்சிரலாம்.”

கேப்டன் ஆல்பத்தைப் பிடுங்கினார். “செத்தவனுக்கு விரல் எதுக்குடா? இவள வண்டியில ஏத்து.”

வண்டியில் ஏறிய யாரும் திரும்பியதில்லை. கோமளா அவர் முகத்தைப் பார்க்காமலே நடந்தாள். ஆல்பத்தை மூடிய அவருடைய கையுறைக்குள் சுண்டுவிரல் கோணலாகவே இருந்தது.